செவன் அப்: "இதில் அது இல்லை" என்று சொல்லியே விற்ற பானத்தின் வரலாறு (விவாத இழை)

#1 · சோடாமூடி

செவன் அப் வரலாறு என்று தேடினால் எங்கும் அதே மூன்று வரிதான்: 1929-இல் வந்தது, லித்தியம் இருந்தது, ஏழு பொருள் சேர்த்ததால் அந்தப் பெயர். முதல் இரண்டும் சரி. மூன்றாவதற்கு ஆதாரம் கிடையாது. கொஞ்சம் விரிவாகப் பேசலாம் என்றுதான் இந்த இழை.

சார்லஸ் லைப்பர் கிரிக், 1868-இல் மிசௌரி மாநிலத்தின் பிரைசஸ் பிராஞ்ச் என்ற சிற்றூரில் பிறந்தவர். செயின்ட் லூயிஸ் நகருக்கு வந்து விளம்பரம், விற்பனை வேலைகளில் இருந்தார். 1919-இல் வெஸ் ஜோன்ஸ் நிறுவனத்தில் 'விசில்' என்ற ஆரஞ்சு பானத்தை உருவாக்கினார். நிர்வாகத்தோடு தகராறு; வெளியேறினார், பானம் அங்கேயே தங்கிவிட்டது. அடுத்து வார்னர் ஜென்கின்சன் என்ற ஃப்ளேவர் கம்பெனி, அங்கே 'ஹவ்டி' என்ற இன்னொரு ஆரஞ்சு பானம். இந்த முறை உஷாராக இருந்தார். எட்மண்ட் ரிட்ஜ்வே என்ற முதலீட்டாளரைச் சேர்த்துக்கொண்டு, பானத்தையும் கையோடு எடுத்துக்கொண்டு தனிக் கம்பெனி ஆரம்பித்தார்.

1929 அக்டோபரில் லெமன்-லைம் பானம் வந்தது. பெயர் 'பிப்-லேபிள் லித்தியேட்டட் லெமன்-லைம் சோடா' (லித்தியேட்டட் என்றால் லித்தியம் சேர்த்தது). இரண்டே வாரத்தில் வால் ஸ்ட்ரீட் சரிந்தது. நீளப் பெயர் சீக்கிரமே 'செவன் அப் லித்தியேட்டட் லெமன் சோடா' என்று சுருங்கியது. 1936-இல் கம்பெனியின் பெயரையே செவன் அப் என்று மாற்றினார்கள். கிரிக் 1940-இல் காலமானார்.

என் வாதம் இதுதான்: ஆரம்பத்தில் "இதில் லித்தியம் இருக்கிறது" என்று சொன்ன பானம், அதன் பிறகு ஏறத்தாழ எல்லாக் காலத்திலும் "இதில் அது இல்லை, இது இல்லை" என்று சொல்லியே விற்றிருக்கிறது. மறுப்பவர்கள் வரலாம்.

#2 · பிரிக்ஸ்மீட்டர்

வாதம் நன்றாக இருக்கிறது சார். ஆனால் ஒரு கேள்வி. ஹவ்டி ஓடிக்கொண்டிருந்தபோது ஆரஞ்சை விட்டு லெமன்-லைமுக்கு ஏன் போக வேண்டும்? அப்போதே சந்தையில் நூற்றுக்கணக்கான லெமன்-லைம் பானங்கள் இருந்தனவே?

#3 · சோடாமூடி

இரண்டு காரணம். ஒன்று, ஆரஞ்சு சந்தையை 'ஆரஞ்சு கிரஷ்' பிடித்து வைத்திருந்தது. இரண்டாவதுதான் முக்கியம்: பழத்தோட்டக்காரர்களின் அழுத்தத்தால் பல மாநிலங்களிலும் நகரங்களிலும் ஆரஞ்சு பானம் என்று விற்றால் உண்மையான சாறும் சக்கையும் இருக்க வேண்டும் என்று சட்டம் வர ஆரம்பித்தது. ஹவ்டியில் அவை இல்லை. சாறு சேர்த்தால் விலை ஏறும், கெடாமல் வைப்பதும் கஷ்டம்.

ஆரஞ்சு பானத்துக்கு இந்தச் சட்டம் வந்ததில் ஒரு நியாயம் இருக்கிறது. நிறம் போட்டு, கலங்கலாக்கி, சாறு போலவே தோன்ற வைப்பது அந்தத் தொழிலின் வழக்கம். கண்ணாடி போலத் தெளிந்த லெமன்-லைம் பானத்தைப் பார்த்து யாரும் சாறு என்று நம்ப மாட்டார்கள். கிரிக் இரண்டு ஆண்டுக்கு மேல் பதினொரு ஃபார்முலா பார்த்து ஒன்றைத் தேர்ந்தெடுத்தார் என்பது கம்பெனி வழிச் செய்தி.

#4 · நீலமணி_கெமிஸ்ட்ரி

லித்தியம் பற்றி நிறையத் தவறான தகவல் சுற்றுகிறது. வரிசைப்படுத்திச் சொல்கிறேன்.

சேர்த்தது லித்தியம் சிட்ரேட். அதில் வினோதம் ஒன்றுமில்லை. 19-ஆம் நூற்றாண்டின் கடைசியிலிருந்தே அமெரிக்காவில் 'லித்தியா வாட்டர்' என்று ஊற்றுநீரை பாட்டிலில் அடைத்து, மூட்டுவலிக்கும் மன அமைதிக்கும் நல்லது என்று விற்றுவந்தார்கள். கிரிக் அந்த மோகத்தைப் பயன்படுத்திக்கொண்டார். 1930களின் விளம்பரமும் அந்தத் தொனியிலேயே இருந்தது. சிடுசிடுப்பைப் போக்கும், மறுநாள் தலைவலிக்கு நல்லது என்கிற மாதிரி.

லித்தியம் 1948-இல் நீக்கப்பட்டது. சமையல் உப்புக்குப் பதிலாக லித்தியம் குளோரைடை விற்று, இதய நோயாளிகள் சிலர் இறந்தது 1949-இல். இரண்டையும் ஒன்றாக்கி "உயிர்ப்பலி ஆனதால் செவன் அப்பில் எடுத்தார்கள்" என்று எழுதுகிறவர்கள் தேதியைப் பார்ப்பதில்லை. ஆஸ்திரேலிய மருத்துவர் ஜான் கேட், பித்து நிலைக்கு லித்தியம் உதவுகிறது என்று கட்டுரை வெளியிட்டதும் அதே 1949-இல்தான். அமெரிக்காவில் மருந்தாக அனுமதி கிடைத்தது 1970-இல். ஆக, பானத்திலிருந்து வெளியே போன மறு ஆண்டே அது மருத்துவ இதழில் நுழைந்தது.

சுவைப் பக்கம் பார்த்தால் லித்தியம் போனதால் இழப்பு எதுவுமில்லை. லித்தியம் சிட்ரேட் என்ற அந்த உப்பில் பானத்துக்கு வேலை செய்வது சிட்ரேட் பாதி. புளிப்பின் கூர்மையை மட்டுப்படுத்துவது அதுதான். சோடியம் சிட்ரேட் போட்டால் அதே வேலை நடக்கும்.

#5 · கோலி

அப்போ ஏழு என்பது லித்தியத்தின் அணு நிறைதானே? 6.94, கிட்டத்தட்ட 7.

#6 · பழைய_லேபிள்

ஏழு பொருள், ஏழு அவுன்ஸ் பாட்டில், அணு நிறை: மூன்றுமே பிறகு வந்த யூகங்கள். கிரிக் கடைசிவரை விளக்கம் தரவில்லை.

#7 · மட்டுறுத்தர்

பெயர்க் காரணம் பற்றிய பதினான்கு பதிவுகள் நீக்கப்பட்டன. மேலே சொன்னதோடு போதும். வரலாறும் தயாரிப்பும் தொடரட்டும்.

#8 · பிரிக்ஸ்மீட்டர்

தயாரிப்புப் பக்கம் வருவோம். தெளிவான லெமன்-லைம் பானத்தில் எண்ணெய் எப்படிக் கரைகிறது? லெமன் தோல் எண்ணெயில் பெரும்பகுதி லிமோனின். அது 25 டிகிரியில் ஒரு லிட்டர் தண்ணீரில் சுமார் 14 மில்லிகிராம் கரைந்தாலே பெரிது. மிச்சம் மேலே வளையமாக மிதக்க வேண்டுமே.

#9 · எஸன்ஸ்_ஏகாம்பரம்

மிதக்கும். அதனால்தான் எண்ணெயை அப்படியே போடுவதில்லை, 'கழுவி'ப் போடுகிறோம். செவன் அப்பின் ஃபார்முலா ரகசியம். கீழே தருவது இந்த வகைப் பானத்துக்குத் தொழிலில் உள்ள பொது முறை.

லெமன் எண்ணெயில் மணத்தின் உயிர் சிட்ரால். அளவு 2 முதல் 5 சதவீதம்தான். லிமோனின் முதலான டெர்பீன்கள் (தண்ணீரில் லேசில் கரையாத எண்ணெய்ப் பொருள்கள்) மணத்தில் அதிகம் தருவதில்லை, கலங்கலையும் கெட்ட வாடையையும் மட்டும் தாராளமாகத் தரும். நீர் கலந்த ஆல்கஹாலில் சிட்ரால் வகையறா இறங்கும், டெர்பீன் இறங்காது. இந்த வித்தியாசத்தை வைத்துத்தான் பிரிக்கிறோம்.

சோதனைக்கூட அளவு: 96 சதவீத எத்தில் ஆல்கஹால் 625 மி.லி. எடுத்து, தாது நீக்கிய நீர் விட்டு 1 லிட்டர் ஆக்குங்கள். ஏறத்தாழ 60 சதவீதம் வரும். அதில் 100 மி.லி. எண்ணெய் (குளிர்முறையில் பிழிந்த லெமன் 75, காய்ச்சி வடித்த லைம் 25, இது ஆரம்ப விகிதம், பிறகு நாக்குக்கு ஏற்ப மாற்றலாம்). மூடிய கலனில் 6 முதல் 8 மணி நேரம் மெதுவாகக் கலக்குங்கள். நுரைக்க அடித்தால் பால் போலாகிவிடும், அப்புறம் பிரியவே பிரியாது. 4-5 டிகிரியில் 48 மணி நேரம் அசையாமல் வையுங்கள். மேலே எண்ணெய்ப் படலம், கீழே தெளிந்த எஸன்ஸ். குளிர்ந்த நிலையிலேயே கீழ்ப்பகுதியை இறக்கி, குளிர்ந்த நிலையிலேயே வடிகட்டுங்கள். பானத்தில் லிட்டருக்கு 1 மி.லி. ஆல்கஹால் 0.06 சதவீதம் வரும், அதை லேபிள் சட்டத்தோடு ஒப்பிட்டுக்கொள்ளுங்கள்.

லைம் எண்ணெயில் 'காய்ச்சி வடித்த' என்பதைக் கவனியுங்கள். பழத்தை நசுக்கி அதன் அமிலச் சாற்றோடு சேர்த்தே காய்ச்சி வடிக்கும்போது சிட்ரால் பெரும்பாலும் சிதைந்து டெர்பினியால், சினியோல் போன்றவை உருவாகின்றன. புதுப் பழத்தின் மணம் போய்விடும். ஆனால் லெமன்-லைம் சோடா என்றதும் மூக்கு எதிர்பார்ப்பது இந்தக் காய்ச்சிய மணத்தைத்தான். புதுப் பழத்தின் எண்ணெயை மட்டும் போட்டுப் பாருங்கள், "ஏதோ குறைகிறது" என்பார்கள்.

#10 · சிரப்_அறை

ஏகாம்பரம் அண்ணன் எஸன்ஸ் கொடுத்துவிட்டார், நான் சிரப்பைச் சொல்கிறேன். அமெரிக்க செவன் அப்பில் 355 மி.லி. டின்னுக்குச் சர்க்கரை 38 கிராம் அளவு. அதாவது லிட்டருக்கு 107 கிராம். ஒரு பங்கு சிரப்புக்கு ஐந்து பங்கு சோடா என்று வைத்தால் 1 லிட்டர் சிரப்பில்:

சர்க்கரை 642 கிராம், சிட்ரிக் அமிலம் 9.6 கிராம், சோடியம் சிட்ரேட் டைஹைட்ரேட் 2.7 கிராம், எஸன்ஸ் 6 மி.லி. மீதி தண்ணீர்.

கலந்த பானத்தில் பி.எச். (அமிலத்தன்மையின் அளவு, எண் குறைந்தால் அமிலம் அதிகம்) 3.2-ஐ ஒட்டி வரும். சிட்ரேட் போடாவிட்டால் அதே அமிலத்துக்கு 2.7 அளவு இறங்கிவிடும், பல் கூசும். சர்க்கரையைக் கூட்டி அதைச் சரிசெய்யப் போனால் பானம் பாகாகிவிடும்.

சேர்க்கும் வரிசை முக்கியம். சர்க்கரை கரைத்து வடிகட்டிய பிறகு, கெடாமல் காக்கும் சோடியம் பென்சோயேட் போடுவதாக இருந்தால் அது முதலில். பிறகு சிட்ரேட். அமிலம் தனியாகத் தண்ணீரில் கரைத்துக் கடைசிக்கு முந்தி, எஸன்ஸ் கடைசி. அமிலத்துக்குப் பிறகு பென்சோயேட்டைப் போட்டால் அது பென்சாயிக் அமிலமாக மாறி வெள்ளைச் செதிலாகப் படியும். கலக்கினாலும் லேசில் திரும்பாது.

#11 · கோலி

சிரப் பளிச்சென்று தெளிவு, சோடா சேர்த்ததும் லேசாக மங்கல். மறுநாள் கழுத்தில் மெல்லிய வெள்ளைக் கோடு. எங்கே தப்பு?

#12 · எஸன்ஸ்_ஏகாம்பரம்

தம்பி, மூன்றைப் பாருங்கள். எஸன்ஸில் டெர்பீன் மிச்சம்: சிரப்பின் கெட்டித்தன்மை மறைத்து வைத்திருக்கும், நீர்த்ததும் வெளியே வரும். 1 மி.லி. எஸன்ஸை 1 லிட்டர் குளிர்ந்த நீரில் விட்டுக் கறுப்பு அட்டைக்கு முன்னால் பிடித்துப் பார்த்தால் சிரப்புக்குப் போகும் முன்பே தெரிந்துவிடும். அடுத்து, கழுவும்போது ஆல்கஹால் 70-ஐத் தாண்டியிருந்தால் டெர்பீனும் கூடவே இறங்கியிருக்கும். மூன்றாவது, குளிர்முறை எண்ணெயின் தோல் மெழுகு. வடிகட்டலை அறை வெப்பத்தில் செய்தால் மெழுகு கரைந்தபடியே தப்பித்து, குளிரூட்டியில் வைத்ததும் கோடாகப் படியும்.

#13 · சிரப்_அறை

தண்ணீரையும் சேர்த்துக்கொள்ளுங்கள். மங்கலுக்கு அல்ல, சுவைக்கு. காரத்தன்மை (அமிலத்தை மட்டுப்படுத்தும் தன்மை) 100 பி.பி.எம். (லிட்டருக்கு மில்லிகிராம்) உள்ள தண்ணீர் என்றால் லிட்டருக்கு 0.2 கிராம் சோடியம் சிட்ரேட்டைக் கூடுதலாகப் போட்டதற்குச் சமம். புளிப்பு சப்பென்று ஆகிவிடும். 50-க்குக் கீழே வைப்பது நல்லது. நாடு முழுக்க உரிமம் பெற்ற பாட்டில் ஆலைகளை வைத்து ஒரே சுவையைக் கொடுத்த எல்லா பிராண்டுக்கும் அடிப்படை இந்த நீர்ச் சுத்திகரிப்புதான். எஸன்ஸ் ஒரே இடத்திலிருந்து போகும், தண்ணீர் ஊருக்கு ஊர் மாறுமே.

#14 · பழைய_லேபிள்

வரலாற்றுக்குத் திரும்புகிறேன். 1940களின் கடைசியில் செவன் அப் உலகில் அதிகம் விற்கும் குளிர்பானங்களில் மூன்றாம் இடம். அதற்கு பாட்டிலர் ஒப்பந்தம் ஒரு பெரிய காரணம். கோக் ஆலை பெப்சியை நிரப்ப முடியாது, பெப்சி ஆலை கோக்கை நிரப்ப முடியாது. செவன் அப் கோலா அல்ல என்பதால் இரண்டு வகை ஆலையும் அதை எடுத்துக்கொள்ளலாம். சொந்தமாக லாரிப் படை இல்லாமலே அடுத்தவர் லாரியில் ஊரெல்லாம் போய்ச் சேர்ந்தது. வளர்ந்ததும் அதனால்தான், பின்னாளில் தேய்ந்ததும் அதனால்தான்.

தேய்மானம் எங்கே ஆரம்பம்? கோக்க கோலா மேற்கு ஜெர்மனியில் 1959-இல் 'ஃபான்டா கிளாரே சிட்ரோனே' என்று ஒரு தெளிந்த லெமன் பானம் கொண்டுவந்தது. அதையே 1961-இல் அமெரிக்காவில் ஸ்பிரைட் என்று இறக்கினார்கள். கோக் ஆலைகளுக்குச் சொந்த லெமன்-லைம் வந்துவிட்டது. செவன் அப்பை அவர்கள் உடனே கைவிடவில்லை, ஆனால் அடுத்த சில பத்தாண்டுகளில் ஒவ்வொருவராகக் கழன்றார்கள்.

#15 · சோடாமூடி

இங்கேதான் என் வாதத்தின் நடு அத்தியாயம். 1967-68 வாக்கில் ஜே. வால்டர் தாம்சன் விளம்பர நிறுவனம் 'அன்கோலா' என்று ஆரம்பித்தது. கோலா அல்லாதது. அதுவரை மக்கள் மனத்தில் செவன் அப் வயிறு சரியில்லாதபோது குடிக்கவும் மதுவில் கலக்கவும் உள்ள பொருள். தாகத்துக்கு என்றால் கோலாதான். புதுச் சுவை, புது விலை எதுவுமில்லாமல், "நாங்கள் மறுபக்கம்" என்று மட்டும் சொல்லி, கோலாவுக்கு நேர் மாற்று என்ற இடத்தைப் பிடித்தார்கள். கோக்கின் புகழ்பெற்ற கண்ணாடி டம்ளரைத் தலைகீழாகக் கவிழ்த்த வடிவில் டம்ளர்கூட வெளியிட்டார்கள். 1970களில் டிரினிடாட்டில் பிறந்த நடிகர் ஜெஃப்ரி ஹோல்டர் வெள்ளை உடையில் வந்து, கோலா கொட்டையைக் காட்டிவிட்டு, லெமனையும் லைமையும் 'அன்கோலா கொட்டை' என்று காட்டிச் சிரிப்பார். அரசை எதிர்த்து இளைஞர்கள் தெருவில் நின்ற காலம் அது. "எதுவோ அது நாங்கள் இல்லை" என்ற குரல் எடுபட்டதில் ஆச்சரியமில்லை.

1978-இல் சிகரெட் கம்பெனியான பிலிப் மோரிஸ் சுமார் 52 கோடி டாலருக்கு செவன் அப்பை வாங்கியது. 1982-இல் காஃபின் விளம்பரம்: "ஒருபோதும் இருந்ததில்லை, இனியும் இருக்காது." மறுபடியும் 'இல்லை'தான்.

#16 · பாட்டில்_பக்கிரி

அந்த விளம்பரத்தோடு நின்றிருக்கலாம். அதே ஆண்டு காஃபின் நீக்கிய 'லைக்' என்ற கோலாவைக் கொண்டுவந்தார்கள் பாருங்கள், அதைத்தான் பெரிய கோளாறு என்பேன். #14-இல் சொன்னபடி அவர்களைச் சுமந்தது கோக், பெப்சி ஆலைகள். "நாங்கள் கோலா அல்ல" என்பதுதான் உள்ளே நுழைய அனுமதிச் சீட்டு. கோலா தயாரித்த அன்றே அந்தச் சீட்டைத் தாங்களே கிழித்துக்கொண்டார்கள். போதாக்குறைக்கு பெப்சி 1984-இல் 10 சதவீதச் சாறு சேர்த்த 'ஸ்லைஸ்' கொண்டுவந்து லெமன்-லைம் இடத்தை இன்னும் நெருக்கியது.

#17 · நீலமணி_கெமிஸ்ட்ரி

சோடாமூடி சாரின் வாதத்துக்கு 2006 இன்னும் பொருத்தம். அப்போது அமெரிக்க செவன் அப் "100 சதவீதம் இயற்கை" என்று மாறியது. செய்தது இரண்டு: கால்சியம் டைசோடியம் இ.டி.டி.ஏ.-வை எடுத்தார்கள், சோடியம் சிட்ரேட்டுக்குப் பதில் பொட்டாசியம் சிட்ரேட் போட்டு சோடியத்தைக் குறைத்தார்கள்.

இரண்டாவது எளிது. ஒரே அளவு சிட்ரேட்டுக்கு எடைக் கணக்கை மட்டும் மாற்றினால் போதும் (சோடியம் டைஹைட்ரேட் 294 கிராமுக்குப் பதில் பொட்டாசியம் மோனோஹைட்ரேட் 324 கிராம்). அளவு கூடினால் நுனியில் ஒரு கசப்பு வரும்.

முதலாவதில்தான் ஆபத்து. இ.டி.டி.ஏ. தண்ணீரிலும் குழாயிலும் வரும் இரும்பு, செம்புத் துணுக்குகளைக் கட்டிப்போடும். கட்டாவிட்டால் அவை எண்ணெய் மணங்களின் ஆக்சிஜனேற்றத்தை விரட்டும். லிமோனின் டர்பன்டைன் வாடைக்குப் போகும். இ.டி.டி.ஏ. இல்லாமல் ஓட்ட வேண்டுமானால் தண்ணீரில் கரைந்த ஆக்சிஜனை 0.5 பி.பி.எம்.-க்குக் கீழே கொண்டுவர வேண்டும், செம்புக் குழாய் எங்கும் இருக்கக் கூடாது, மூடிக்குக் கீழே காற்று தங்கக் கூடாது.

சிட்ரால் வேறு வழியிலும் கெடும்: அமிலத்தில் ஆக்சிஜன் இல்லாமலே வளையமாக மடங்கி, பிறகு பாரா-சைமீன், பாரா-கிரசால் என்று போகும். பழைய பாட்டிலைத் திறந்ததும் வரும் மருந்து வாடை கடைசியில் சொன்னது. இதற்கு இ.டி.டி.ஏ. உதவாது, குளிர்ச்சியும் விரைவாக விற்பதும்தான் வழி.

அந்த "இயற்கை" நீடிக்கவில்லை. இனிப்பு மக்காச்சோளச் சிரப்பை நொதிகளால் மாற்றிச் செய்வது. அதை எப்படி இயற்கை என்பீர்கள் என்று ஒரு நுகர்வோர் அமைப்பு 2006 மே மாதம் வழக்குப் போடுவதாக எச்சரித்தது. 2007 ஜனவரியில் அந்த வாசகத்தை விட்டுவிட்டார்கள்.

#18 · பிரிக்ஸ்மீட்டர்

பச்சை பாட்டில் மணத்தைக் காக்கும் என்பது உண்மையா?

#19 · எஸன்ஸ்_ஏகாம்பரம்

பெரிதாக இல்லை. பழுப்புக் கண்ணாடி காக்கும். பச்சை கொஞ்சம்தான் தடுக்கும். இப்போது அது அடையாளத்துக்கு. ஸ்பிரைட் 2022-இல் அமெரிக்காவில் பச்சையை விட்டு நிறமற்ற பெட் (PET) பிளாஸ்டிக் பாட்டிலுக்கு மாறியது மறுசுழற்சிக்காக. நிறமற்ற பிளாஸ்டிக்குக்குத்தான் மறுபயன்பாட்டில் மதிப்பு.

#20 · கோலி

கடைசிக் கேள்வி. இங்கே செவன் அப்பை விற்பது பெப்சி. ஆனால் அமெரிக்காவிலிருந்து வந்த செவன் அப் டின்னில் பெப்சி பெயரே இல்லை. போலியா?

#21 · பழைய_லேபிள்

போலி இல்லை. 1986-இல் பிலிப் மோரிஸ் விற்க முனைந்தபோது பெப்சி மொத்தத்தையும் வாங்கப் பார்த்தது. அதே சமயம் கோக் டாக்டர் பெப்பரை வாங்கப் பார்த்தது. இரண்டையும் அமெரிக்க வணிக ஆணையம் எதிர்த்தது. முடிவு: வெளிநாட்டு உரிமை பெப்சிக்கு, அமெரிக்க உரிமை ஹிக்ஸ் அண்ட் ஹாஸ் என்ற முதலீட்டு நிறுவனத்துக்கு. அமெரிக்கப் பகுதி டாக்டர் பெப்பரோடு சேர்ந்து, 1995-இல் கேட்பரி ஸ்வெப்ஸிடம் போய், 2008-இல் தனியாகப் பிரிந்து, 2018 முதல் கியூரிக் டாக்டர் பெப்பரிடம் இருக்கிறது.

இந்தப் பிளவால் சின்னமும் இரண்டு. அமெரிக்காவில் லோகோவின் சிவப்புப் புள்ளிக்குக் கைகால் முளைத்த 'ஸ்பாட்'. வெளியே, 1985-இல் ஜோன்னா ஃபெரோனும் சூ ரோஸும் உருவாக்கிய சுருள்முடி ஃபைடோ டைடோ. இந்தியாவுக்கு 1990-இல் பெப்சியோடு வந்தபோது வெளிநாட்டுப் பெயரைத் தனியாகப் போட அனுமதி இல்லாததால் 'லெஹர் செவன் அப்' என்று லேபிளில் இருந்தது. அமெரிக்காவில் செவன் அப் கையில் இல்லாததால் பெப்சி அங்கே ஸ்லைஸ், சியரா மிஸ்ட், 2023 முதல் ஸ்டாரி என்று மாற்றி மாற்றி முயல்கிறது.

உங்கள் டின்னில் பொருள் பட்டியலைப் பாருங்கள். மக்காச்சோளச் சிரப்பும் பொட்டாசியம் சிட்ரேட்டும் இருந்தால் அமெரிக்கச் சரக்கு. டின்னின் அடியில் உள்ள தேதியையும் பாருங்கள். கப்பலில் சூடேறி வந்திருந்தால் #17-இல் சொன்ன மருந்து வாடை அடிக்கும், அதற்கு எந்தக் கம்பெனியும் பொறுப்பில்லை.